நூலகத்தில் மிஞ்சிய கேள்விகள்

சென்ற மாதம் சிங்கப்பூரில் தேக்கா பக்கம் ஒரு நூலகத்தில் நம் நாட்டு அரசமைப்புச் சட்டம் பற்றிப் பேசப் போயிருந்தேன். பேச்சை நான்தான் இழுத்துவிட்டேன், கேள்விக்குப் பத்து நிமிடம்கூட மிஞ்சவில்லை. சீட்டில் எழுதிக் கொடுங்கள், பதில் எழுதுகிறேன் என்று சொல்லிவிட்டு வந்தேன். முப்பது வருடம் வழக்கறிஞராக இருந்தவன். வாக்குக் கொடுத்துவிட்டு நழுவினால் நன்றாக இருக்காது.

இந்தியாவுக்கு அம்பேத்கர் மாதிரி, நம் அரசமைப்புச் சட்டத்தை எழுதியது யார் அங்கிள்? (தொடக்கக் கல்லூரி மாணவர்)

அப்படி யாரும் உட்கார்ந்து எழுதவில்லை தம்பி, நேரம் எங்கே இருந்தது? 1965 ஆகஸ்ட் 9 அன்று மலேசியாவிலிருந்து பிரிந்தோம். கையில் இருந்தது 1963இல் ஒரு மாநிலத்துக்காக எழுதிய சட்டம். அதோடு மலேசியக் கூட்டரசின் சட்டத்திலிருந்து வேண்டிய பிரிவுகளைச் சேர்த்துக்கொண்டோம். டிசம்பரில் ஒரு சுதந்திரச் சட்டம் நிறைவேற்றி, ஆகஸ்ட் 9 முதலே நடப்பில் இருந்ததாக வைத்துக்கொண்டோம். மூன்று துணியை ஒட்டுப்போட்டுத் தைத்த சட்டை. எல்லாம் சேர்ந்து ஒரே ஏடாக அச்சானது 1980இல்தான்.

இதைவிட முக்கியமானது வேறொன்று. சட்டத்தைத் திருத்த மூன்றில் இரண்டு பங்கு வாக்கு வேண்டும் என்றிருந்ததை 1965இல் சாதாரணப் பெரும்பான்மை போதும் என்று தளர்த்தினார்கள். 1979 வரை அப்படியே இருந்தது. பதினான்கு வருடம், நாட்டின் தலையாய சட்டத்தையும் மற்ற எந்தச் சட்டத்தையும் மாற்றுவதில் வாக்குக் கணக்கு ஒன்றேதான். அதை மனதில் வைத்துக்கொண்டு அடுத்த பதிலைப் படி.

இந்தியாவில் உச்ச நீதிமன்றம் அரசமைப்புத் திருத்தத்தையே செல்லாது என்று சொல்லிவிடுகிறது. இங்கே ஏன் அப்படி நடப்பதில்லை? (சென்னையிலிருந்து வந்து குடியுரிமை பெற்ற பொறியாளர்)

நீங்கள் சொல்வது கேசவானந்த பாரதி வழக்கு. 1973இல் பதிமூன்று நீதிபதிகள் சேர்ந்து விசாரித்து, ஏழுக்கு ஆறு என்று மயிரிழையில் வந்த தீர்ப்பு. நாடாளுமன்றம் எந்தப் பிரிவையும் திருத்தலாம், ஆனால் சட்டத்தின் அடிப்படைக் கட்டமைப்பைக் குலைக்கக் கூடாது என்றார்கள். அந்தக் கட்டமைப்பு என்ன என்று சட்டத்தில் எங்கும் பட்டியல் இல்லை. வழக்குக்கு வழக்கு நீதிபதிகள்தான் சொல்லிக்கொண்டு வருகிறார்கள்.

இங்கே கதை வேறு. 1988 டிசம்பரில் சிங் சுவான் சீ வழக்கில் மேல்முறையீட்டு நீதிமன்றம் ஒரு பெரிய தீர்ப்பு சொன்னது. உள்நாட்டுப் பாதுகாப்புச் சட்டத்தின்கீழ் ஒருவரை வழக்கு விசாரணை இல்லாமல் தடுத்து வைத்தால், அதற்கான காரணம் சரிதானா என்று நீதிமன்றம் புறநிலையாகப் பார்க்கலாம், எல்லா அதிகாரத்துக்கும் சட்ட வரம்பு உண்டு என்றார்கள். எங்கள் தலைமுறை வழக்கறிஞர்களுக்கு அந்தத் தீர்ப்பு மனப்பாடம். இரண்டு மாதம்கூட ஆகவில்லை. 1989 ஜனவரியில் நாடாளுமன்றம் அரசமைப்பின் 149ஆம் பிரிவையும் பாதுகாப்புச் சட்டத்தையும் திருத்தி, அந்த ஆய்வை முறை வழுவாமல் நடந்ததா என்ற அளவோடு நிறுத்திவிட்டது. திருத்தம் செல்லாது, அடிப்படைக் கட்டமைப்புக்கு விரோதம் என்று ஒரு வழக்கு வந்தது. இந்திய வாதம் இங்கே ஒட்டாது என்று உயர் நீதிமன்றம் சொல்லிவிட்டது. இந்தியா போல் இங்கே அரசமைப்பை எழுதவென்றே ஓர் அரசியல் நிர்ணய சபை கூடவில்லை, நாடாளுமன்றமே இயற்றியதை நாடாளுமன்றமே திருத்துகிறது என்பது ஒரு காரணம்.

எனவே இந்த ஊரில் அரசமைப்பின் வரலாறு வேண்டுமென்றால் தீர்ப்புகளை மட்டும் படித்துப் பயனில்லை. திருத்தங்களைத் தேதிவாரியாக அடுக்க வேண்டும். 1984 தொகுதியில்லா உறுப்பினர் (தோற்ற எதிர்க்கட்சி வேட்பாளர்களில் அதிக வாக்குப் பெற்றவருக்கு ஓர் இடம்), 1988 குழுத்தொகுதி (பலர் ஒரே குழுவாக நிற்க வேண்டும், அதில் ஒருவராவது சிறுபான்மையினர்), 1990 நியமன உறுப்பினர், 1991 மக்கள் தேர்ந்தெடுக்கும் அதிபர். ஏழே வருடத்தில் ஆட்சி முறையின் பாதி உருவம் மாறிவிட்டது, அதுவும் ஒரு நீதிபதி பேனாவைத் தொடாமல்.

மூன்றில் இரண்டு என்பது பெரிய பூட்டுத்தானே என்று கேட்பீர்கள். 2025 தேர்தலில் ஆளுங்கட்சி வென்றது 97 இடங்களில் 87. பூட்டும் சாவியும் ஒரே பையில் இருக்கின்றன. குறையாகச் சொல்லவில்லை, மக்கள் வாக்களித்துக் கொடுத்த பைதான் அது. ஆனால் திருத்த மசோதா வரும்போது கவனிக்க வேண்டிய பொறுப்பு நம்முடையது என்பது என் எண்ணம். விதிவிலக்கும் உண்டு. நாட்டின் இறையாண்மையை விட்டுக்கொடுப்பதென்றால் பொதுவாக்கெடுப்பில் மூன்றில் இரண்டு பங்கு ஆதரவு வேண்டும். 1965இன் வலி எங்கே இருந்தது என்று அதைப் பார்த்தாலே தெரியும்.

சாதாரண ஆள் வழக்குப் போட்டு ஏதாவது மாறியதுண்டா ஐயா? (ஈசூன் வாசகி)

உண்டும்மா. ஹவ்காங் தொகுதி 2012இல் காலியானது. துப்புரவு வேலை பார்த்த தமிழ்ப் பெண்மணி ஒருவர், அந்தத் தொகுதி வாக்காளர், இடைத்தேர்தல் எப்போது என்று பிரதமர் தம் விருப்பப்படி முடிவு செய்யலாமா என்று நீதிமன்றம் போனார். தேர்தல் அந்த மே மாதமே நடந்துவிட்டது. அதனால் 2013இல் மேல்முறையீடு தள்ளுபடிதான். ஆனால் தீர்ப்பில், நியாயமான காலத்துக்குள் தேர்தல் வைத்தே ஆக வேண்டும், வைப்பதா வேண்டாமா என்ற தேர்வு பிரதமருக்கு இல்லை என்று எழுதிவிட்டார்கள். வழக்கில் தோற்று, சட்டத்தில் ஜெயித்தார். வக்கீல் ஆபீஸ் வாசலை மிதிக்கவே கூச்சப்படுகிறவர்களுக்கு இந்தக் கதையைத்தான் சொல்வேன்.

குழுத்தொகுதி இல்லையென்றால் நம்மவர்கள் நாடாளுமன்றம் போக முடியாதா? (பொங்கோல், டாக்சி ஓட்டுநர்)

போகலாம் அண்ணே, போயிருக்கிறார்கள். 1981இல் எதிர்க்கட்சியின் ஜெயரத்தினம் ஆன்சன் தொகுதி இடைத்தேர்தலில் மும்முனைப் போட்டியில் வென்றார். 2016இல் புக்கிட் பாத்தோக் இடைத்தேர்தலில் முரளி பிள்ளை வென்றார். இனம் பார்த்து வாக்களிப்பது கூடிவிட்டால் என்ன ஆகும் என்ற அச்சத்துக்குக் காப்பாகவே 1988இல் குழுத்தொகுதி வந்தது என்பது அரசாங்கத்தின் வாதம். அதில் உண்மை இல்லாமலில்லை. ஆனால் மூன்று பேரில் தொடங்கிய குழு ஒரு கட்டத்தில் ஆறு பேர் வரை வீங்கியதற்குச் சிறுபான்மை மட்டுமே காரணம் என்று என்னால் நம்ப முடியவில்லை. இப்போது அதிகபட்சம் ஐந்து. இன்னொன்று, குழுவில் ஒருவர் விலகினால் இடைத்தேர்தல் கட்டாயமில்லை. மார்சிலிங் - இயூ டீ குழுத்தொகுதி வழக்கில் 2019இல் அப்படித்தான் தீர்ப்பானது. விலகியவர் சிறுபான்மை உறுப்பினராகவே இருந்தாலும் அதே கதைதான். உங்கள் டாக்சியில் ஏறுகிறவர்களிடம் இதைக் கேட்டுப் பாருங்கள், பாதிப் பேருக்குத் தெரியாது.

தைப்பூசத்தில் மேளம் அடிக்கத் தடை. மதச் சுதந்திரம் 15ஆம் பிரிவில்தானே இருக்கிறது? (பெயர் எழுதவில்லை)

இருக்கிறது. அதே பிரிவின் கடைசி வரியில் பொது ஒழுங்கும் இருக்கிறது. இசைக்கருவிக் கட்டுப்பாட்டை எதிர்த்து மூவர் போன வழக்கை 2015இல் உயர் நீதிமன்றம் ஏற்கவில்லை. ஆனால் அடுத்த ஆண்டு ஊர்வலப் பாதையில் சில இடங்களில் நேரடி இசைக்கு அனுமதி கிடைத்தது. அதைத் தந்தது சட்டப் பிரிவோ தீர்ப்போ இல்லை, உட்கார்ந்து பேசியதில் வந்த ஏற்பாடு. அரசுக்கும் குடிமக்களுக்கும் இடையிலான சட்ட விவகாரங்களில் இப்படி நகர்வதும் ஒரு வழி. வழக்கறிஞனான எனக்குக் கொஞ்சம் வருத்தம்தான், நாதஸ்வரம் கேட்டதும் அது போய்விட்டது.

நாடாளுமன்றத்தில் தமிழில் பேசலாமா? (உயர்நிலை 3 மாணவி)

தாராளமாக. 53ஆம் பிரிவில் நான்கு மொழிகளும் இருக்கின்றன. பேசுகிறவர்கள்தான் குறைவு.