அட்வான்ஸை வாங்கிக்கொண்டு பத்திரம் போட மறுக்கிறார்... மனை கிடைக்குமா?

கேள்வி: திருச்சியில் ஒரு வீட்டுமனையை 32 லட்ச ரூபாய்க்குப் பேசி, 5 லட்சம் அட்வான்ஸ் கொடுத்து, முத்திரைத்தாளில் கிரய ஒப்பந்தம் எழுதிக்கொண்டோம். பதிவு செய்யவில்லை. கெடு முடிய இன்னும் மூன்று வாரம் இருக்கிறது. உரிமையாளரோ, "விலை ஏறிப்போச்சு, நான் தவறினால் அட்வான்ஸை இரட்டிப்பாகத் தர வேண்டும் என்றுதானே எழுதியிருக்கிறோம், அதை வாங்கிக்கொண்டு விட்டுவிடுங்கள்" என்கிறார். எனக்கு மனைதான் வேண்டும். வழி உண்டா?

பதில்: உண்டு. முதல் வேலை, அந்தப் பணத்தைத் தொடாமல் இருப்பது. உங்களைக் கேட்காமலே கணக்கில் போட்டுவிட்டாலும் உடனே திருப்பி அனுப்பி, 'ஒப்பந்தத்தை ரத்து செய்ய எனக்குச் சம்மதமில்லை' என்று எழுத்தில் தெரிவியுங்கள். திரும்பி வந்த அட்வான்ஸை எடுத்துச் செலவழித்தவர், பிறகு "எனக்கு மனைதான் வேண்டும்" என்று நீதிமன்றத்தில் நின்றால் எடுபடாது.

இரட்டிப்புப் பண வாதம் பொதுவாகச் செல்லாது. தவறினால் இவ்வளவு நஷ்டஈடு என்று எழுதியிருப்பது மட்டுமே கிரயம் கேட்கும் உரிமைக்குத் தடையில்லை என்கிறது குறிப்பிட்ட நிவாரணச் சட்டம், 1963-இன் 23-ஆவது பிரிவு. 'பணம் கொடுத்து விலகிக்கொள்ளலாம்' என்று விற்பவருக்கே விருப்ப உரிமை தந்து எழுதியிருந்தால் கதை வேறு. அந்த ஒரு வரியை வழக்கறிஞரிடம் காட்டிவிடுங்கள்.

நீங்கள் போட வேண்டியது 'ஏற்றதை ஆற்றுக' வழக்கு, அதாவது ஒப்புக்கொண்டபடி கிரயம் செய்து தரச் சொல்லி உத்தரவு கேட்கும் வழக்கு. 2018-இல் வந்த திருத்தத்துக்கு முன்பு, கிரயம் செய்து தரச் சொல்வதா, பணத்தோடு முடித்துவிடுவதா என்பது நீதிபதியின் விருப்புரிமையாக இருந்தது. இப்போது அப்படியில்லை. ஆனால் பெரும்பாலான வழக்குகள் தோற்கிற இடம் மாறவே இல்லை. பாக்கிப் பணத்தோடு நீங்கள் தயாராகவும் விருப்பமாகவும் இருந்தீர்களா என்ற கேள்விதான் அது. விற்பவர் எவ்வளவு மோசமாக நடந்துகொண்டாலும் சரி, உங்களிடம் பாக்கி 27 லட்சத்துக்கு வழி இருந்தது என்று நிரூபிக்க வேண்டியவர் நீங்கள். ரொக்கமாகக் கட்டுக்கட்டாகக் காட்ட வேண்டியதில்லை. பாஸ்புக், வைப்புநிதி ரசீது, வங்கியின் கடன் அனுமதிக் கடிதம் போதும். கெடு தேதிக்கு முந்தைய தேதியில் இருக்க வேண்டும், அவ்வளவுதான். "மச்சான் தருவதாகச் சொன்னார்" என்பதெல்லாம் குறுக்கு விசாரணையில் நிற்காது.

ஆகவே இந்த மூன்று வாரம் பொன்னானது. இந்த வாரமே வழக்கறிஞர் நோட்டீஸ் போகட்டும்: பணம் தயார், இன்ன தேதியில் இத்தனை மணிக்குச் சார்பதிவாளர் அலுவலகத்துக்கு வந்து கிரயம் செய்து தாருங்கள் என்று. வாங்க மறுத்துத் தபால் திரும்பி வந்தால் உறையைப் பிரிக்காதீர்கள். 'வாங்க மறுத்தார்' என்று தபால்காரர் எழுதிய அந்த உறையே சாட்சி. சொன்ன நாளில் வங்கி வரைவோலையோடு போய் உட்காருங்கள். அவர் வரமாட்டார் என்று தெரிந்தாலும் போங்கள். அன்று மாலையே, 'வந்து காத்திருந்தேன், நீங்கள் வரவில்லை' என்று இன்னொரு கடிதம்.

பதிவு செய்யாததுதான் உங்கள் பலவீனம். தமிழ்நாட்டில் 2012 டிசம்பரிலிருந்து கிரய ஒப்பந்தத்துக்குப் பதிவு கட்டாயம். ஆனாலும் பதியாத ஒப்பந்தத்தை இந்த வகை வழக்கில் சாட்சியமாக ஏற்கலாம் என்று, இங்கிருந்து போன ஒரு வழக்கிலேயே உச்ச நீதிமன்றம் 2023-இல் சொல்லிவிட்டது. எனவே வழக்கு போடத் தடையில்லை. ஆபத்து வேறு இடத்தில் இருக்கிறது: வில்லங்கச் சான்றில் உங்கள் ஒப்பந்தம் வராது. உங்களைப் பற்றித் தெரியாமல் ஒருவர் முழு விலை கொடுத்து வாங்கிவிட்டால், அவரிடமிருந்து மனையை மீட்பது கடினம். அதனால் பிராதுடன் (வழக்கு மனுவுடன்) சேர்த்தே தடையாணை மனுவும் போட வேண்டும். வழக்கு நிலுவையில் இருக்கும்போது யார் வாங்கினாலும் தீர்ப்பு அவரையும் கட்டுப்படுத்தும்.

வழக்குப் போட, கெடு தேதியிலிருந்து மூன்று ஆண்டு அவகாசம் இருக்கிறது. அதை நம்பி உட்கார்ந்துவிடாதீர்கள். விலை ஏறுகிற ஊரில் தாமதமே உங்கள் விருப்பத்தைச் சந்தேகிக்க வைக்கும். நீதிமன்றக் கட்டணம் கிரயத் தொகையில் 3 சதவீதம், உங்களுக்கு 96,000 ரூபாய். விற்பவர் ரத்து நோட்டீஸ் அனுப்பியிருந்தால், அது செல்லாது என்று அறிவிக்கவும் பிராதில் கேளுங்கள். மாற்றுப் பரிகாரமாக அட்வான்ஸை வட்டியோடு திருப்பித் தரவும் கேட்டுவிடுங்கள். கேட்காததை நீதிமன்றம் தராது. அந்த 5 லட்சத்துக்கு மனையின் மீதே உங்களுக்குப் பொறுப்புரிமை, அதாவது மனையிலிருந்தே அதை வசூலிக்கும் உரிமை உண்டு.

போலீஸில் புகார் கொடுக்கலாமா என்று அடுத்துக் கேட்பீர்கள். ஆரம்பத்திலேயே ஏமாற்றும் எண்ணம் இருந்ததாகக் காட்ட முடிந்தால் மட்டும். பேசியபின் மனம் மாறியது உரிமையியல் தகராறுதான்.

அப்புறம், வழக்கு முடிகிறவரை அந்த 27 லட்சத்தை வேறு எதிலும் முடக்கிவிடாதீர்கள். தீர்ப்பு உங்கள் பக்கம் வந்தாலும், நீதிமன்றம் சொன்ன கெடுவுக்குள் பாக்கியைக் கட்டாவிட்டால் ஒப்பந்தத்தையே ரத்து செய்யச் சொல்லி அவர் மனுப் போட முடியும்.