உம் கொட்டுபவரும் கதைக்குள் இருக்கிறார்: எடுத்துரைப்பியல் கேள்வி பதில்

கதைகள் எப்படிச் சொல்லப்படுகின்றன என்று ஆராயும் துறைக்கு எடுத்துரைப்பியல் என்று பெயர். அதைப் பற்றி வந்த கேள்விகளுக்கு இங்கே பதில் எழுதியிருக்கிறேன். நாட்டுப்புறக் கதைகளைப் பதிவு செய்வதும் வகுப்பில் இந்தப் பாடத்தை நடத்துவதும் என் வேலை. ஒரே மாதிரியான கேள்விகளை ஒன்றாகச் சேர்த்துவிட்டேன்.

கேள்வி (முதுகலைத் தமிழ் மாணவி): இந்தத் துறையின் பெயரைக் கேட்டாலே பயமாக இருக்கிறது. இலக்கியத் திறனாய்விலிருந்து இது எங்கே பிரிகிறது?

பெயர்தான் பெரிது. யார் சொல்கிறார், யாரிடம் சொல்கிறார், எதை முதலில் சொல்கிறார், எதை விட்டுவிட்டார்? இவ்வளவுதான் கேட்கிறோம்.

தெருமுனையில் இரண்டு பைக் மோதிக்கொண்டன என்று வையுங்கள். காவல் நிலையத்தில் கொடுக்கும் புகார் தேதி, நேரம், வண்டி எண்ணில் தொடங்கும். டீக்கடையில் சொல்பவர் ‘டமார்’ என்ற சத்தத்தில் தொடங்குவார். அடிபட்டவர் வீட்டுக்கு போன் செய்தால் முதல் வார்த்தையே “எனக்கு ஒண்ணும் ஆகலை” என்றுதான் இருக்கும். நடந்தது ஒன்று, சொன்ன விதம் மூன்று. நடந்ததைத் தனியாகவும் சொன்ன விதத்தைத் தனியாகவும் பிரித்துப் பார்ப்பது முதல் பாடம். இலக்கியத்தின் வடிவத்தை ஆராய்ந்த ரஷ்ய உருவவாதிகள் நூறு வருடத்துக்கு முன்பே இவற்றுக்கு ஃபாபுலா, சூஷெத் என்று பெயர் வைத்துவிட்டார்கள். இந்தத் துறைக்கு ‘நாரட்டாலஜி’ என்ற பெயரை 1969-இல் தொதரோவ் என்ற இலக்கியக் கோட்பாட்டாளர் சூட்டினார்.

1972-இல் ழெரார் ழெனெத் என்ற பிரெஞ்சுக் கோட்பாட்டாளர் செய்த ஒரு பிரிவு எனக்கு மிகவும் பிடிக்கும். பேசுபவர் யார், பார்ப்பவர் யார் என்று இரண்டு கேள்வியாகக் கேட்கச் சொன்னார். ஐம்பது வயதுக்காரர் தன் ஆறு வயது ஞாபகத்தைச் சொல்லும்போது வாய் பெரியவருடையது, கண் குழந்தையுடையது. அதனால்தான் அந்தக் கதையில் திண்ணை அவ்வளவு உயரமாக இருக்கிறது. திறனாய்வாளர் கதை நன்றாக வந்திருக்கிறதா என்று எடைபோடுவார். நாங்கள் அந்தத் திண்ணை எப்படி உயரமானது என்று பார்ப்போம்.

கேள்வி (உதவி இயக்குநர்): ப்ராப்பின் 31 படிகளை வைத்துத் திரைக்கதை எழுதலாமா?

எழுதலாம், ஆனால் அவர் அதற்காகச் செய்யவில்லை. ரஷ்ய நாட்டுப்புறவியல் அறிஞர் விளாதிமிர் ப்ராப் 1928-இல் வெளியிட்ட ஆய்வு, அஃபனாசியேவ் தொகுத்த ரஷ்ய மாயக்கதைகளில் நூறை மட்டும் எடுத்துக்கொண்டது. அரசன் வீரனுக்குக் கழுகைக் கொடுக்கிறான், கழுகு அவனை வேறு நாட்டுக்குத் தூக்கிப் போகிறது. இன்னொரு கதையில் கிழவர் குதிரை கொடுக்கிறார். வேறொன்றில் மந்திரவாதி படகு கொடுக்கிறான். ஆளும் பொருளும் மாறினாலும் செய்கை மாறவில்லை என்று ப்ராப் கண்டார். அந்தச் செய்கைகளை எண்ணியபோது 31 வந்தது. எல்லாக் கதையிலும் 31-உம் வராது, வருபவை பெரும்பாலும் அதே வரிசையில் வரும். சொல்லி முடித்த கதைகளை விரித்துப் பார்த்துக் கண்ட கணக்கு இது. சமையல் குறிப்பாக எடுத்துக்கொண்டால் ரஷ்ய மாயக்கதைதான் கிடைக்கும்.

கேள்வி (பள்ளி ஆசிரியர்): பாட்டி சொல்லும் கதையை ஆராய இந்த மேல்நாட்டுக் கருவிகள் போதுமா?

இந்தக் கேள்விக்குக் கொஞ்சம் நீளமாகவே பதில் சொல்ல ஆசை.

“ஒரு ஊர்ல ஒரு ராஜா இருந்தாராம்.” அந்த ‘ஆம்’-ஐக் கவனியுங்கள். ‘நான் பார்க்கவில்லை, சொல்லக் கேட்டேன்’ என்பதை நம் மொழி ஒரே அசையில் வைத்துவிடுகிறது. சொல்பவர் கதைக்கு வெளியே நிற்கிறார் என்று காட்ட ஆங்கில நாவலாசிரியர் ஒரு வாக்கியம் செலவழிக்க வேண்டும்.

ஒரு முறை ஒரு அம்மாவிடம் சிற்றன்னைக் கதை ஒன்றைப் பதிவு செய்தேன். வந்தாளாம், சொன்னாளாம், போனாளாம் என்றே போய்க்கொண்டிருந்தது. சல்லடையில் தண்ணீர் கொண்டுவரச் சொல்லிச் சிற்றன்னை அந்தப் பெண்ணை ஆற்றுக்கு அனுப்பும் இடம் வந்தது. “மொண்டா. ஒழுகிப்போச்சு. திரும்ப மொண்டா. அழுதா.” அவ்வளவு நேரம் வந்த ‘ஆம்’ அங்கே காணோம். நாலைந்து வாக்கியத்துக்குப் பிறகு மீன்கள் பேச வந்ததும் ‘ஆம்’ திரும்பிவிட்டது. ஆற்றங்கரையில் மட்டும் அந்த அம்மா கேள்விப்பட்டதைச் சொல்லவில்லை, பக்கத்தில் நின்று பார்த்துக்கொண்டிருந்தார். எழுத்தில் அச்சிடும்போது பலர் இந்த ‘ஆம்’களை ஒரே சீராக்கிவிடுகிறார்கள். அது எனக்கு மிகுந்த வருத்தம் தரும் விஷயம். கதையின் மூச்சு ஏறி இறங்கும் இடம் அங்கேதான் தெரிகிறது.

அப்புறம், உம் கொட்டுவது. பதிவில் என் குரல் விழக்கூடாது என்று ஒரு நாள் வாயை மூடிக்கொண்டு உட்கார்ந்திருந்தேன். சொல்பவர் இரண்டு நிமிடத்தில் நிறுத்திவிட்டார். “தூங்கிட்டியா?” என்றார். உம் இல்லாமல் அவரால் கதையை நகர்த்த முடியவில்லை. அன்றிலிருந்து என் பதிவுகளில் என் ‘ம்’ எல்லாம் இருக்கும்.

மேல்நாட்டுக் கருவியும் உதவும். 1967-இல் லபோவ், வலெட்ஸ்கி என்ற இரண்டு மொழியியலாளர்கள் சாதாரண மக்கள் வாய்மொழியாகச் சொல்லும் சொந்த அனுபவங்களை ஆராய்ந்தார்கள். ‘உயிர் போய்விடும் என்று பயந்த சமயம் உண்டா?’ என்று லபோவ் கேட்பார். சொல்ல ஆரம்பித்ததும் மைக் இருப்பதே அவர்களுக்கு மறந்துவிடும். அந்தக் கதைகளில் லபோவ் முக்கியமாகப் பார்த்தது மதிப்பீடு என்ற பகுதியை. “அப்போ பாருங்க, என் கை இப்படி நடுங்குது” என்று சொல்பவர் சம்பவத்தை ஒரு நொடி நிறுத்துகிறாரே, அது. ‘சரி, இதை எதுக்குச் சொல்றே?’ என்று எதிரில் இருப்பவர் கேட்டுவிடக் கூடாது என்பதற்காகத்தான் அந்த நிறுத்தம்.

கேள்வி (ஓவியர், காமிக்ஸ் வாசகர்): ஒரே படத்தில் கதை சொல்ல முடியுமா?

1766-இல் லெஸ்ஸிங் என்ற ஜெர்மன் எழுத்தாளர் இதே சிக்கலைத்தான் எடுத்துக்கொண்டார். பாம்புகள் சுற்றி நெரிக்கும் லவோகூன் சிலையில் அந்த மனிதன் ஏன் வாய்விட்டு அலறவில்லை என்று கேட்டார். ஓவியனுக்குக் கிடைப்பது ஒரே கணம், உச்சத்தைக் காட்டிவிட்டால் பார்ப்பவரின் கற்பனைக்கு மேலே ஏற இடமில்லை, அதனால் உச்சத்துக்குச் சற்று முந்திய கணத்தைப் பிடிக்க வேண்டும் என்பது அவர் பதில்.

அஜந்தாவுக்குப் போனால் இந்த விதி பொருந்தாது. ஒரே சுவரில் ஒரே ஆள் பல முறை வருகிறார். காட்சிகள் காலவரிசையிலும் இல்லை. வித்யா தெஹேஜியா என்ற கலை வரலாற்றாளர் அவை இடவரிசையில் இருப்பதாகக் காட்டினார். அரண்மனையில் நடந்தவை ஒரு பக்கம், காட்டில் நடந்தவை ஒரு பக்கம். முன்னால் நடந்ததும் பின்னால் நடந்ததும் அதே மரத்தடியில் பக்கத்தில் பக்கத்தில் இருக்கும். கதையை ஏற்கெனவே அறிந்தவர் கண்ணை அங்கும் இங்கும் ஓட்டிக் கோத்துக்கொள்ள வேண்டும்.

காமிக்ஸில் அந்தக் கோக்கும் வேலை கட்டங்களுக்கு நடுவே உள்ள வெள்ளை இடைவெளியில் நடக்கிறது. ஒரு கட்டத்தில் ஓங்கிய கோடரி, அடுத்த கட்டத்தில் இரவு வானமும் ஓர் அலறலும். வெட்டியது வாசகர்தான் என்பார் காமிக்ஸ் கலைஞர் ஸ்காட் மெக்ளவுட் (1993).

கேள்வி (கேம் வடிவமைப்பாளர்): வீடியோ கேம் கதையா, விளையாட்டா?

2000-ஐ ஒட்டி இதற்கு ஒரு பெரிய சண்டையே நடந்தது. எஸ்பென் ஆர்செத் போன்ற கேம் ஆய்வாளர்கள், கேமை இலக்கியக் கண்ணாடி போட்டுப் பார்க்காதீர்கள், அது விதிகளால் ஆனது என்றார்கள். அவர்கள் பக்கம் நியாயம் இருக்கிறது. சதுரங்கத்தில் ராஜா இருப்பதால் அது ராஜா கதை ஆகிவிடாது. ஹென்றி ஜென்கின்ஸ் என்ற ஊடக ஆய்வாளர் நடுவழி ஒன்று காட்டினார். கேமில் கதையை இடத்துக்குள் வைக்கலாம். ஆளில்லாத அறை, பாதி அடுக்கிய பெட்டி, ஆறிப்போன சாப்பாடு. யாரும் எதுவும் சொல்லவில்லை, ஆனால் நடந்தது ஆடுபவருக்குப் புரிந்துவிடும். உங்கள் வேலைக்கு இதுதான் பயன்படும் என்று நினைக்கிறேன்.

கேள்வி (செவிலியர்): மருத்துவக் கல்லூரிகளில்கூட இதைச் சொல்லித் தருவதாகக் கேள்விப்பட்டேன். எதற்கு?

நீங்கள் தினமும் பார்ப்பதுதான். நோயாளி “போன மாசம் என் தங்கச்சி கல்யாணத்துல...” என்று ஆரம்பிப்பார். டாக்டர் “எங்கே வலிக்குது?” என்று வெட்டுவார். 1984-இல் பெக்மன், ஃப்ராங்கெல் என்ற இரண்டு ஆய்வாளர்கள் அமெரிக்காவில் டாக்டரும் நோயாளியும் பேசிய 74 சந்திப்புகளைப் பதிவு செய்து பார்த்தார்கள். நோயாளி பேச ஆரம்பித்துச் சராசரியாக 18 நொடியில் டாக்டர் குறுக்கிட்டிருந்தார். கல்யாணத்தில் பந்தி பரிமாறும்போது மூச்சு வாங்கியது என்பது அந்தக் கதையின் நாலாவது வாக்கியத்தில் இருந்திருக்கலாம்.

கொலம்பியா பல்கலைக்கழகத்தில் ரீட்டா சாரன் என்ற மருத்துவர் இதற்காகவே ஒரு பாடத்திட்டம் உருவாக்கினார். இலக்கியத்தில் முனைவர் பட்டமும் வாங்கியவர் அவர். மாணவர்கள் மருத்துவமனைக் கோப்பு தவிர இன்னொரு கோப்பும் எழுத வேண்டும். இந்த நோயாளியைப் பார்த்தபோது என் தாத்தா ஞாபகம் வந்தது, அழுகை வந்தது என்று மருத்துவமனைக் கோப்பில் எழுத முடியாதவை அதில் போகும். எழுதியதைச் சக மாணவர்கள் முன்னால் வாசிக்க வேண்டும்.

கேள்வி (சட்ட மாணவர்): நீதிமன்றத்தில் ஆதாரம்தானே பேச வேண்டும்? கதைக்கு அங்கே என்ன வேலை?

கேள்வியில் இருக்கும் கவலை சரியானது. பென்னிங்டன், ஹேஸ்டி என்ற இரண்டு உளவியலாளர்கள் ஒரே கொலை வழக்கின் ஆதாரங்களைப் பலரிடம் கொடுத்து, ஜூரியாக முடிவு சொல்லச் சொன்னார்கள். அரசுத் தரப்பு ஆதாரங்களை நடந்த வரிசையில் கதையாகவும், எதிர்த்தரப்பு ஆதாரங்களைச் சாட்சி வாரியாகத் துண்டு துண்டாகவும் வைத்தபோது 78 சதவீதம் பேர் குற்றவாளி என்றார்கள். அப்படியே மாற்றி வைத்தபோது 31 சதவீதம்தான். ஓர் ஆதாரம்கூடக் கூடவில்லை, குறையவில்லை. அடுக்கு மட்டுமே மாறியது.

நம் மனம் அப்படிப்பட்டது. 1944-இல் ஹைடர், சிம்மல் என்ற உளவியலாளர்கள் இரண்டு முக்கோணமும் ஒரு வட்டமும் நகரும் சின்னப் படம் ஒன்றைக் காட்டினார்கள். பார்த்த 34 பேரில் ஒரே ஒருவர்தான் ‘முக்கோணம் நகர்ந்தது’ என்று சொன்னார். மற்றவர்கள் துரத்தினான், பயந்தாள், அடைத்து வைத்தான் என்றார்கள். இடைவெளியைக் கண்டால் நிரப்பிவிடுவோம். நீங்கள் வக்கீலானதும், கதை முழுமையாகப் பொருந்தும்போதுதான் எந்த இடைவெளியை யார் நிரப்பினார் என்று திரும்பிப் பாருங்கள்.

கேள்வி (வரலாற்று ஆசிரியை): அப்படியானால் வரலாறும் கதைதானா? இது ஆபத்தான பேச்சு இல்லையா?

சுவிட்சர்லாந்தின் செயின்ட் கால் மடத்துக் குறிப்பேட்டை வரலாற்றுக் கோட்பாட்டாளர் ஹெய்டன் வைட் எடுத்துக்காட்டுவார். 709: கடும் குளிர், கோமகன் காட்ஃபிரீட் இறந்தார். 710: கஷ்டமான வருடம், விளைச்சல் குறைவு. 711: ஒன்றும் இல்லை. 712: எங்கும் வெள்ளம். இப்படியே போய் 732-இல், பிரான்ஸின் புவாத்தியேயில் சனிக்கிழமை சார்லஸ் போரிட்டார் என்று ஒரே வரி. வென்றாரா, ஏன் போரிட்டார், எதுவும் இல்லை. இதை வரலாறாக்க வேண்டுமானால் தொடக்கம், காரணம், முடிவு எல்லாம் வேண்டும். அவை ஆசிரியர் கட்டுவது என்றார் வைட். அதற்காக 712-இல் வெள்ளமே வரவில்லை என்று ஆகிவிடாது. வெள்ளத்தை மறுப்பவரையும், வெள்ளத்துக்கு வேறு அர்த்தம் சொல்பவரையும் ஒன்றாக்கினால்தான் ஆபத்து.

கேள்வி (இலங்கையிலிருந்து ஒரு வாசகர்): தமிழ் மரபில் இதற்கு வேர் உண்டா?

எல்லாம் தொல்காப்பியத்திலேயே இருக்கிறது என்று நான் சொல்ல மாட்டேன். ஆனால் அதன் செய்யுளியல் பகுதி எண்ணிச் சொல்லும் 34 செய்யுள் உறுப்புகளில் கூற்று, கேட்போர், களன், காலம் ஆகியவை இருக்கின்றன. கேட்பவரைச் செய்யுளின் உறுப்பாகவே எண்ணியிருக்கிறார்கள். அதுதான் எனக்குப் பெரிய விஷயம்.

குறுந்தொகை 25-ஐ எடுங்கள், கபிலர் பாட்டு. தலைவி தோழியிடம் சொல்கிறாள். அவன் என்னை மணந்த அன்று அங்கே யாரும் இல்லை, அந்தக் கள்வன் மட்டும்தான். அவன் பொய் சொன்னால் நான் என்ன செய்வேன்? தினைத் தாள் போன்ற மெல்லிய காலோடு, ஓடும் நீரில் ஆரல் மீனைப் பார்த்துக்கொண்டு ஒரு குருகும் இருந்தது. ஐந்தே அடி. கபிலர் தன் குரலில் ஒரு சொல்லும் பேசவில்லை. இருந்த ஒரே சாட்சி ஒரு பறவை. அது அன்று பார்த்துக்கொண்டிருந்ததும் மீனை. பேசுபவர் யார், பார்ப்பவர் யார் என்ற ழெனெத்தின் கேள்வியை இந்தப் பாட்டிடம் கேட்டுப் பாருங்கள். பேசத் தெரிந்தவளை நம்ப ஆள் இல்லை, கூட இருந்த குருகு பேசாது, கண்ணையும் இந்தப் பக்கம் திருப்பவில்லை. பயத்தை அவள் எங்கும் பெயர் சொல்லிக் குறிக்கவில்லை. தோழியும் நாமும்தான் அதை அந்த மெல்லிய காலில் பார்க்கிறோம்.

கேள்வி (பலர்): எங்கே தொடங்குவது?

வீட்டில் வயதான ஒருவரிடம், அவர் பல முறை சொன்ன கதையையே திரும்பச் சொல்லச் சொல்லிப் போனில் பதிவு செய்யுங்கள். அனுமதி கேட்டுவிட்டு. பிறகு ஒரு எழுத்துகூட மாற்றாமல் எழுதுங்கள், ‘வந்து’, ‘என்னமோ’, இருமல் எல்லாம் சேர்த்து. பத்து நிமிடப் பதிவை எழுத ஒரு மணி நேரத்துக்கு மேலே ஆகும். ‘ஆம்’ எங்கே விட்டுப்போகிறது என்று குறியுங்கள். உங்கள் ‘ம்’களையும் விடாதீர்கள். எந்த இடத்தில் நீங்கள் உம் கொட்ட மறந்தீர்களோ, அந்தப் பக்கத்திலிருந்து படிக்க ஆரம்பியுங்கள்.