குள்ளர் எங்கே போவார்கள்?

இந்த இதழில் வாசகர்களுக்குப் பதில் சொல்பவர், அயர்லாந்தின் கெல்டிக் கதைகளைப் பற்றி ஆவணப்படம் எடுத்துவரும் தாண்டிக்குடிக்காரர்.

கேள்வி: அயர்லாந்தின் நியூகிரேஞ்ச் கல்மேட்டைக் கட்டியது கெல்ட் என்னும் பழைய ஐரோப்பிய மக்கள் இல்லை என்கிறீர்கள். அப்புறம் கெல்டிக் புராணப் படத்தில் அதற்கு என்ன வேலை? (வாசகர், பண்ணைக்காடு)

பதில்: எங்கள் காபித் தோட்டத்துக்கு மேலே ஒரு கல்திட்டை இருக்கிறது. இடுப்பளவு உயரத்தில் பலகைக்கற்கள், மேலே ஒரு மூடுகல். அப்பத்தா அதைக் குள்ளர் வீடு என்பார். அது செத்தவர்களுக்காக எழுப்பியது என்று பள்ளிக்கூடத்தில் படித்துவிட்டு வந்து சொன்னேன். "சரி, அப்ப குள்ளர் எங்க போவாங்க?" என்று கேட்டார். அந்தக் கேள்விதான் என்னை அயர்லாந்து வரை கொண்டுபோனது.

நியூகிரேஞ்ச் எழுந்தது கி.மு. 3200 வாக்கில். கெல்டிக் மொழி பேசியவர்கள் அங்கே வந்தது வெகுகாலம் கழித்து. யாரோ கட்டிய மேட்டைப் பார்த்து, உள்ளே துவா டே டானன் என்னும் தெய்வக் கூட்டம் குடியிருப்பதாகச் சொன்னார்கள். அப்பத்தாவும் அதைத்தானே செய்தார்?

லெய்ன்ஸ்டர் நூல் என்னும் 12ஆம் நூற்றாண்டு ஐரிஷ் கையெழுத்துப் பிரதியில் ஒரு கதை உண்டு. அந்தத் தெய்வக் கூட்டத்தைச் சேர்ந்த ஏங்கஸ், தன் தந்தை தாக்தாவிடம் அந்த மேட்டு வீட்டைப் "பகலும் இரவும்" தங்கக் கேட்கிறான். ஒரு நாள்தானே என்று தந்தையும் கொடுக்கிறார். மறுநாள் காலி செய்யச் சொன்னால், பகலும் இரவும் சேர்ந்ததுதானே எல்லாக் காலமும் என்று மகன் போக மறுக்கிறான். அவர்களுடைய ஐரிஷ் மொழியில் 'ஒரு' என்று தனியே சொல்லத் தேவையில்லை; அதனால் 'பகலும் இரவும்' என்பதை ஒரு நாள் என்றும் கொள்ளலாம், எல்லாக் காலமும் என்றும் கொள்ளலாம். ஆங்கில வசனத்தில் இதை விளக்கத் திணறினேன். தமிழில் அப்பத்தாவிடம் சொன்னதும், வீடு போச்சா என்று உடனே கேட்டார்.

கேள்வி: நியூகிரேஞ்ச் உள்ளே வெயில் நுழைவதைப் படம் பிடித்தீர்களா? (வாசகி, வத்தலக்குண்டு)

பதில்: இல்லை. டிசம்பர் 21-ஐ ஒட்டிய சில விடியல்களில் வாசலுக்கு மேலுள்ள சிறு திறப்பு வழியே வெயில் புகுந்து, 19 மீட்டர் நடைவழியைக் கடந்து உள்ளறைக்குப் போகும். சுமார் 17 நிமிடம் நிற்கும். அன்றைக்கு உள்ளே போகிறவர்களைக் குலுக்கலில் எடுக்கிறார்கள். எனக்கு விழவில்லை. சாதாரண நாளில் போனேன். வழிகாட்டி எல்லா விளக்கையும் அணைத்து, ஒற்றை மின்விளக்கால் அந்த ஒளிக்கோட்டைத் தரையில் காட்டினார். எனக்குப் பேச்சு வரவில்லை.

உள்ளே கேமராவுக்கு அனுமதி கிடையாது. அதனால் அந்த இடத்தில் திரையை இருட்டாகவே விட்டிருக்கிறேன். குள்ளர் எங்கே போவார்கள் என்று கேட்கும் அப்பத்தாவின் குரல் மட்டும் வரும்.