பணம் கொடுத்த பிறகும் வழக்கு நிற்கும்

திண்டுக்கல் வாசகர் ஒருவர் கேட்கிறார்: 2022இல் மனைவி கொடுத்த புகாரின் பேரில் நானும் அம்மாவும் சிங்கப்பூரில் இருக்கும் தங்கையும் இந்திய தண்டனைச் சட்டம் 498ஏ (கணவரோ அவர் உறவினரோ மனைவியைக் கொடுமைப்படுத்துதல்), வரதட்சணைத் தடைச் சட்டம் பிரிவு 4 (வரதட்சணை கேட்டல்) ஆகியவற்றின் கீழ் எதிரிகளாக, அதாவது குற்றம் சாட்டப்பட்டவர்களாக, இருக்கிறோம், குற்றப்பத்திரிகையும் தாக்கலாகிவிட்டது. ஊர்ப் பெரியவர்கள் முன்னிலையில் 12 லட்சத்துக்குப் பேசி, முத்திரைத்தாளில் எழுதிக்கொண்டோம். பரஸ்பர விவாகரத்து கிடைக்கும் நாளில் முழுத் தொகையையும் கொடுத்துவிட்டால், கிரிமினல் வழக்கில் சாட்சி சொல்ல வரமாட்டோம் என்று மனைவி வீட்டார் சொல்கிறார்கள். பொய்ப் புகாருக்கு நான் ஏன் பணம் கொடுக்க வேண்டும்? கொடுத்தால் வழக்கு முடியுமா?

புகார் பொய்யா, மெய்யா என்பதை இந்தக் கட்டத்தில் நான் ஆராயப் போவதில்லை. நீங்களும் அதை விட்டுவிடுங்கள். வழக்கை முடிக்கும் அதிகாரம் யாரிடம் இருக்கிறது என்பது ஒன்றுதான் உங்களுக்கு இப்போது முக்கியம். அந்த அதிகாரம் உங்கள் மனைவியிடம் இல்லை. இந்த இரண்டு குற்றங்களும் தமிழ்நாட்டில் தரப்பினர் தாமாகச் சமரசம் செய்து முடித்துக்கொள்ளக்கூடியவை அல்ல. வழக்கை நடத்துவது அரசு. உங்கள் பத்திரத்தில் எழுதியிருக்கும் ‘வாபஸ் பெற்றுக்கொள்கிறேன்’ என்ற வரியை வைத்துக்கொண்டு மாஜிஸ்திரேட் எதையும் முடிக்க முடியாது. பி.எஸ். ஜோஷி வழக்கில் 2003இலும், கியான் சிங் வழக்கில் 2012இலும் உச்ச நீதிமன்றம் காட்டிய வழி, வழக்கையே ரத்து செய்ய உயர் நீதிமன்றத்துக்கு இருக்கும் உள்ளார்ந்த அதிகாரம்தான். முன்பு குற்றவியல் நடைமுறைச் சட்டம் 482 ஆக இருந்தது இன்று பாரதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதாவின் 528. உங்கள் ரத்து மனு உயர் நீதிமன்றத்தின் மதுரைக் கிளைக்குத்தான் போக வேண்டும்.

நான் அஞ்சுவது முழுத் தொகையும் கைமாறப்போகும் அந்த நாளைத்தான். விவாகரத்துத் தீர்ப்பு வந்த அன்று குடும்ப நீதிமன்ற வராந்தாவிலேயே டிடியை (வங்கி வரைவோலையை) கொடுத்துவிட்டு, ரத்து மனுவுக்கு ஒரு கையெழுத்துக்காகப் பல மாதங்கள் அலைந்தவர்களை நான் பார்த்திருக்கிறேன். அந்தப் பெண் மறுமணமாகி வேறு ஊர் போயிருப்பார். இனி கோர்ட் வாசலே மிதிக்க வேண்டாம் என்று புது வீட்டார் சொல்லியிருப்பார்கள். அவர் மனதில் வஞ்சகம் எதுவும் இராது. வரவேண்டிய காரணம்தான் தீர்ந்துபோயிருக்கும். உயர் நீதிமன்றமோ புகார்தாரரை நேரிலோ காணொளியிலோ பார்த்து, சம்மதம் மனமுவந்து கொடுக்கப்பட்டதுதானா என்று கேட்காமல் பெரும்பாலும் ரத்து செய்வதில்லை. ருச்சி அகர்வால் வழக்கில், சமரசத்தின் பலனைப் பெற்றுக்கொண்டு கிரிமினல் வழக்கை மட்டும் தொடர முடியாது என்று உச்ச நீதிமன்றம் 2004இல் தீர்ப்பளித்தது உண்மை. ஆனால் அந்தக் கணவருக்கு அது டெல்லி வரை போன பிறகே கிடைத்தது.

ஆகவே தொகையைப் பிரியுங்கள். பரஸ்பர மனு தாக்கலாகும்போது ஒரு பங்கு, தீர்ப்பன்று ஒரு பங்கு. கணிசமான கடைசிப் பங்கை உயர் நீதிமன்றத்தில் உங்கள் மனைவி ஆஜராகிச் சம்மதம் சொல்லும் நாளில் டிடியாகக் கொடுங்கள். அங்கே தாக்கல் செய்யப்போகும் கூட்டுச் சமரச மனுவில் இப்போதே அவருடைய கையெழுத்தை வாங்குங்கள். விவாகரத்துக்குக் கொடுத்த சம்மதத்தைத் தீர்ப்புக்கு முன்வரை அவர் திரும்பப் பெறலாம் என்பதால், முதல் பங்கைப் பெரிதாக்காதீர்கள்.

உங்கள் பத்திரத்தில் இன்னொரு ஓட்டையும் இருக்கலாம். குற்ற எண், காவல் நிலையம், சட்டப் பிரிவுகள், மூன்று எதிரிகளின் பெயர்கள் ஆகிய அனைத்தும் அதில் இருக்கின்றனவா என்று எடுத்துப் பாருங்கள். ரத்து மனுவை உங்கள் பெயரில் மட்டும் போட்டால் நீங்கள் வெளியே வந்துவிடுவீர்கள், தங்கையின் மீதான வழக்கு தனியாக நிற்கும். ஆஜராகவில்லை என்று பிடியாணை பிறந்தால் அவர் விமான நிலையத்தில் இறங்கும்போதுதான் அது தெரியவரும். சிங்கப்பூரிலேயே இந்தியத் தூதரகத்தில் சான்றொப்பம் பெற்று வக்காலத்து அனுப்பச் சொல்லுங்கள். குழந்தை இருந்தால், ‘குழந்தைக்கு ஜீவனாம்சம் கோரமாட்டோம்’ என்று எழுதிக்கொள்வதில் பயனில்லை. அந்த உரிமை குழந்தையுடையது, தாய் விட்டுக்கொடுக்க முடியாது.

சாட்சி வராமல் விடுதலை வாங்கும் யோசனையை அறவே கைவிடுங்கள். சம்மன் போனால் உங்கள் மனைவி வந்துதான் ஆக வேண்டும். கூண்டில் ஏறிய பிறகு என்ன சொல்வார் என்பதற்கு எந்தப் பெரியவரும் பொறுப்பேற்க முடியாது. 12 லட்சம் அதிகம் என்று உங்களுக்குப் பட்டாலும் கொடுத்து முடியுங்கள். கடைசிப் பங்கை மட்டும் மதுரைக்கு முன்னால் கையை விட்டுப் போக விடாதீர்கள்.