ஒரு ஜோடி ஸ்பைக்ஸ்

கேள்வி: பத்துப் போட்டிகளின் புள்ளிகளைக் கூட்டிப் பார்க்கும் டெகாத்லானில் மூன்று முறை மாநில சாம்பியன் நான். முழங்கால் ஆபரேஷனோடு எல்லாம் முடிந்தது. இப்போது ஒரு படத்தில் வேஷம், ஒரு சேனலில் விளையாட்டு வர்ணனை என இரண்டு அழைப்புகள். விளையாட்டு ஒதுக்கீட்டில் கிடைத்த வேலையை விடாதே என்கிறார் அப்பா. டெகாத்லானில் ஒலிம்பிக் சாம்பியனாக இருந்து நடிகராகி, டிவியிலும் வந்த அமெரிக்காவின் ரேஃபர் ஜான்சன்தான் என் ஆதர்சம். தம்பியும் நன்றாக ஓடுவான், வீட்டில் ஒருத்தருக்குத்தான் ஸ்பைக்ஸ், அதாவது ஆணி வைத்த ஓட்டக் காலணி, வாங்க முடிந்தது, இப்போது அவன்தான் அப்பா அம்மாவைப் பார்த்துக்கொள்கிறான். நான் வேலையை விடலாமா?

பதில்: படம் வெளியாகும் வரை விடாதீர்கள். சம்பளமில்லா விடுப்பு கிடைக்குமா என்று கேளுங்கள். இதே கேள்வியோடு வருஷத்துக்கு நாலு பேராவது எழுதுகிறார்கள், எல்லாருக்கும் இதுதான் பதில். ஆனால் உங்கள் கடிதத்தில் என்னைக் குத்தியது வேறு.

"தம்பியும் நன்றாக ஓடுவான்." என்ன சாதாரணமாக எழுதிவிட்டீர்கள்! மூன்று பக்கக் கடிதத்தில் தயாரிப்பாளர் பெயர் இருக்கிறது, சேனல் பெயர் இருக்கிறது, ஆபரேஷன் செய்த டாக்டர் பெயர்கூட இருக்கிறது, தம்பிக்கு மட்டும் பெயரில்லை. இருந்த ஒரு ஜோடி ஸ்பைக்ஸ் உங்கள் காலுக்கு வந்தபோது அவனுக்கு என்ன வயது? அவனிடம் யாராவது ஒரு வார்த்தை கேட்டீர்களா?

சரி, உங்கள் ரேஃபர் ஜான்சனுக்கே வருவோம். ரோம் ஒலிம்பிக்ஸுக்கு முன்பு ஸ்பார்டகஸ் படத்தில் அவருக்கு ஒரு வேஷம் வந்தது. நடித்தால் காசுக்கு ஆடாதவர் என்ற அமெச்சூர் தகுதி போய்விடும், அது இல்லாமல் ஒலிம்பிக்ஸில் ஆட முடியாது என்றார்கள், வேண்டாம் என்று விட்டுவிட்டார். 1960ல் ரோமில் டெகாத்லானின் கடைசிப் போட்டி 1500 மீட்டர் ஓட்டம். தங்கத்துக்கு எதிரே நின்றவர் தைவானின் சி.கே. யாங், இருவரும் ஒரே பல்கலைக்கழகம், ஒரே கோச். அந்தக் கோச் யாங்கிடம் ஜான்சனை விட்டு விலகி ஓடு என்றார், ஜான்சனிடம் யாங்கை விடாதே என்றார், இரண்டு பேருக்கும் நேர்மையாக. யாங்குக்கு 1.2 விநாடி பின்னால் ஓடி முடித்து, மொத்தத்தில் 58 புள்ளி வித்தியாசத்தில் தங்கம் வாங்கினார் ஜான்சன். சினிமா, டிவி எல்லாம் அதற்கப்புறம்தான் சூடு பிடித்தது. அந்தப் படங்களை இன்று யார் தேடிப் பார்க்கிறார்கள்? 1968ல் லாஸ் ஏஞ்சல்ஸ் ஓட்டல் சமையலறையில் அமெரிக்க அரசியல் தலைவர் ராபர்ட் கென்னடி சுடப்பட்டபோது, பாய்ந்து போய்ச் சுட்டவனை மடக்கியவர்களில் ஒருவர் என்பதற்காகத்தான் அவரை நினைக்கிறார்கள். 1984 லாஸ் ஏஞ்சல்ஸ் ஒலிம்பிக்ஸில், ஐம்பதை நெருங்கும் வயதில், செங்குத்தான படிகளில் ஏறி ஒலிம்பிக் சுடரை ஏற்றினாரே, அதற்காகவும்.

அவருக்கும் ஒரு தம்பி உண்டு என்று தெரியுமா? ஜிம்மி ஜான்சன். சான் ஃபிரான்சிஸ்கோ ஃபார்ட்டி நைனர்ஸ் அணிக்காக 16 சீசன் அமெரிக்கக் கால்பந்து ஆடியவர். 1994ல் அந்த விளையாட்டின் புகழ் மன்றத்தில் தம்பியைச் சேர்த்தபோது, மேடையேறி அவரை அறிமுகம் செய்து பேசியவர் அண்ணன் ரேஃபர். உங்கள் ஆதர்சத்திடமிருந்து நடிப்பையும் மைக்கையும் எடுத்துக்கொண்டீர்கள், இதை ஏன் விட்டுவிட்டீர்கள்?

எனக்கு இதில் மென்று விழுங்கத் தெரியாது. பெற்றவர்களைப் பார்ப்பது பிள்ளைகள் எல்லாருக்கும் உள்ள வேலை. ஒருத்தன் மெடல் வாங்கினான் என்பதற்காக இன்னொருத்தன் தலையில் அதைக் கட்டிவிட முடியாது. அவனும் அண்ணனுக்காக என்று வாய் திறக்காமல் இருந்திருப்பான், நீங்களும் அதை வசதியாக எடுத்துக்கொண்டீர்கள். தப்பு உங்கள் மேல்தான், அப்பா மேலும் கொஞ்சம்.

படத்துக்கு அட்வான்ஸ் வந்தால் பாதியை அவன் கையில் கொடுங்கள். அம்மா கையில் இல்லை, அவன் கையில். வருஷத்தில் எந்தெந்த மாதம் பெற்றோர் உங்கள் வீட்டில் இருப்பார்கள் என்று கால்ஷீட் கொடுப்பதற்கு முன்பே அவனோடு உட்கார்ந்து பேசுங்கள். அப்புறம், அவன் இப்போதும் ஓடுகிறானா? அதையும் எழுதவில்லை நீங்கள். கேட்டுவிட்டு எழுதுங்கள், இந்த முறை அவன் பெயரோடு.