ஃபோர்ட்வென்டி, ஏழரை, எட்டேகால்: எண்ணில் ஒளிந்த சொல்வழக்குகள் (கேள்வி பதில்)

கே: 420 என்றால் ஏமாற்றுக்காரன். ஆனால் அந்தச் சட்டப் பிரிவே இப்போது இல்லையாமே. செய்தியில் எப்படி எழுதுவது?

ப: இந்திய தண்டனைச் சட்டத்தின் 420 எல்லா ஏமாற்றுக்கும் உரியதல்ல. ஏமாற்றுதல் என்றால் என்ன என்று சொல்வது 415. வெறும் ஏமாற்றுக்குத் தண்டனை 417-இல், ஓராண்டு வரை. ஏமாற்றிப் பணத்தையோ பொருளையோ கைமாற வைத்தால்தான் 420, ஏழாண்டு வரை. 2024 ஜூலை 1 முதல், அந்தச் சட்டத்துக்குப் பதிலாக வந்த பாரதிய நியாய சன்ஹிதாவில் இது 318(4). அந்தத் தேதிக்கு முன் நடந்த குற்றத்துக்குப் பழைய எண்ணே பொருந்தும். ஆகவே சம்பவத் தேதியைப் பார்த்துப் பிரிவு எண்ணை எழுதுங்கள்.

வசவு வேறு கதை. சட்டம் மாறியதற்காக யாரும் "அவன் சரியான முந்நூற்றுப் பதினெட்டு" என்று திட்டப்போவதில்லை. இன்னொன்று: கதை உரையாடலில் "நானூற்றிருபது" என்று எழுதாதீர்கள். பேச்சில் அது ஃபோர்ட்வென்டிதான்.

கே: "144 போட்டிருக்காங்க" என்றால் ஐந்து பேருக்கு மேல் கூடக்கூடாது என்றுதானே பொருள்?

ப: அந்த ஐந்து 144-க்குள் இல்லை. பழைய குற்றவியல் நடைமுறைச் சட்டத்தின் 144, அவசரச் சூழலில் தடை உத்தரவு போடும் அதிகாரத்தை மட்டும் தந்தது. எதைத் தடுப்பது என்பது அந்தந்த உத்தரவில் இருக்கும். ஐந்து வந்தது தண்டனைச் சட்டத்தின் 141-இலிருந்து: சட்டவிரோதக் கூட்டம் என்று சொல்லக் குறைந்தது ஐந்து பேர் வேண்டும். இரண்டும் பேச்சில் ஒட்டிக்கொண்டன. 144-க்கு இப்போதைய எண் 163, பழைய நடைமுறைச் சட்டத்துக்குப் பதிலாக வந்த பாரதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதாவில். ஊரடங்கும் 144-உம் ஒன்று என்று எழுதுவதும் பிழை. எல்லாத் தடை உத்தரவும் வீட்டுக்குள் இருக்கச் சொல்வதில்லை.

கே: ஏழரை ஏன் ஏழரை? ஏழு என்றோ எட்டு என்றோ இருக்கக் கூடாதா?

ப: கணக்கு அப்படி. சனி ஒரு சுற்றை முடிக்க ஏறத்தாழ 29½ ஆண்டு. பன்னிரண்டு ராசிக்குப் பங்கிட்டால் ஒரு ராசிக்குச் சுமார் இரண்டரை. ஜோதிடப்படி பிறந்த ராசிக்கு முந்தைய ராசி, பிறந்த ராசி, அடுத்த ராசி ஆகிய மூன்றையும் சனி கடக்கும் காலம் ஏழரைச் சனி. பேச்சில் சனி உதிர்ந்துபோய் எண் மட்டும் நின்றது. "ஏழரையைக் கூட்டிட்டான்" என்றால் சும்மா இருந்த இடத்தில் வம்பை இழுத்துவிட்டான் என்று பொருள். தானாக வந்த துன்பத்துக்கு "கூட்டு" சேராது. அதற்கு "ஏழரை பிடிச்சிருக்கு".

கே: "எட்டேகால் லட்சணமே" என்று பாட்டி திட்டுவார். எட்டேகால் எதன் அளவு?

ப: அளவே அல்ல, எழுத்து. தமிழ் எண்களில் எட்டின் குறி ௮, பார்க்க அகரம் போலவே இருக்கும். காலின் குறி வ. எட்டையும் காலையும் சேர்த்து எழுதிப் படித்தால் "அவ". ஆக, அவலட்சணமே! ஔவையார் பாடியதாக வழங்கும் தனிப்பாடலிலிருந்து வந்த வசை இது. தமிழ் எண்குறி பள்ளிக் கணக்கிலிருந்து போனதும் பூட்டு இருக்கிறது, சாவி காணோம் என்றாகிவிட்டது. இன்று பலர் இதை "அரைகுறை அழகு" என்று புரிந்துகொண்டு செல்லமாகச் சொல்கிறார்கள். அது செல்லப் பேச்சு அல்ல, நல்ல காரமான வசவு.

கே: அப்படியானால் "முக்காலே மூணு வீசம்"?

ப: இது அசல் கணக்கு. வீசம் பதினாறில் ஒன்று, மாகாணியும் அதேதான். முக்கால் என்பது பதினாறில் பன்னிரண்டு. மூன்று வீசம் சேர்த்தால் பதினைந்து. முழுசுக்கு இன்னும் ஒரே வீசம் பாக்கி. "வீடு முக்காலே மூணு வீசம் முடிஞ்சிடுச்சு" என்றால் வெள்ளையடிப்பு போல ஏதோ சில்லறை வேலை மட்டும் நிற்கிறது. இதை "முக்கால்வாசி" என்று திருத்துகிறவர்களைப் பார்த்தால் எனக்கு மனசு ஆறாது. முக்கால்வாசியில் கால் பங்கு பாக்கி!

கே: பத்தரை மாற்றுத் தங்கம், 916 தங்கம் இரண்டும் ஒன்றா?

ப: இல்லை. மாற்று என்பது உரைகல்லில் தேய்த்துப் பார்க்கும் பழைய தர அளவு. அதில் உச்சம் பத்தரை, அதாவது சொக்கத் தங்கம். 916 என்பது ஆயிரத்தில் 916 பங்கு தங்கம், 22 காரட். பழைய அளவில் அது ஒன்பதரைக்குச் சற்று மேல் வரும். ஆகவே அப்பழுக்கற்ற மனிதரைப் பத்தரை மாற்று என்பதே சரி.

கே: பத்தாம்பசலியில் உள்ள பசலி என்ன?

ப: வருவாய்த் துறை ஆண்டு. ஜூலை 1 முதல் ஜூன் 30 வரை. தொடங்கும் ஆங்கில ஆண்டில் 590 கழித்தால் பசலி வரும்: 2024 ஜூலையில் தொடங்கியது பசலி 1434. அடங்கலும் (கிராமப் பயிர்ப் பதிவேடு) ஜமாபந்தியும் (ஆண்டு வருவாய்க் கணக்குத் தணிக்கை) இன்றும் இந்தக் கணக்கில்தான். நாமெல்லாம் ஆயிரத்து நானூற்றுச் சொச்சத்தில் இருக்க, ஒருவர் இன்னும் பத்தாவது பசலியிலேயே நிற்கிறார் என்றால் எவ்வளவு பழைய ஆள்!

கே: எழுத்து நடையில் "நாலு பேர்" என்பதை "நான்கு பேர்" என்று திருத்தலாமா?

ப: தயவுசெய்து வேண்டாம். "நாலு பேர் என்ன சொல்வாங்க", "நாலு காசு பார்க்கணும்", "நாலும் தெரிஞ்சவர்" எல்லாவற்றிலும் நாலு என்பது "பல". நான்கு என்றதும் தலையெண்ணிக்கை ஆகிவிடும். "நாலும் இரண்டும் சொல்லுக்குறுதி" மட்டும் விலக்கு. அங்கே நாலு நாலடியார், இரண்டு திருக்குறள்.

கே: திருநங்கைகளை ஒன்பது என்கிறார்களே?

ப: இழிசொல். திருநங்கை என்றே சொல்லுங்கள். பாத்திரம் பேசுவதாக எழுதினாலும், அந்தக் காட்சிக்கு அது தேவையா என்று யோசியுங்கள்.

கே: "எட்டாக்கனி", "சம்பளம் பத்தாது": இவற்றிலும் எண் இருக்கிறதா?

ப: இல்லை. எட்டு என்பது இங்கே கை எட்டுவது, வினை. பத்தாது என்பது "பற்றாது" பேச்சில் திரிந்தது. பற்றாக்குறை அதன் உறவுதான். சந்தேகம் வந்தால் சொல்லை இறந்தகாலத்தில் வைத்துப் பாருங்கள்: எட்டியது, எட்டவில்லை, பத்தவில்லை. அப்படித் திரிந்தால் அது வினை. ஏழரையை அப்படித் திரிக்க முடியாது.