"தினம் ஒரு பார்சல்... யாரும் என்னைக் கேட்பதில்லை!"

மதிப்பிற்குரிய அம்மா அவர்களுக்கு,

வணக்கம். எனக்கு வயது 67. அரசுப் பள்ளியில் கணக்கு வாத்தியாராக இருந்து 2016-ல் ஓய்வு பெற்றவன். சேரன்மகாதேவி, வீரவநல்லூர், முக்கூடல் என்று பல ஊர்களில் வேலை பார்த்துவிட்டு, இப்போது பாளையங்கோட்டை மகராஜநகர்ப் பக்கம் சொந்த வீட்டில் இருக்கிறேன். நானும் மனைவியும் கீழே. மகன், மருமகள், ஆறு வயதுப் பேரன் மாடியில். சமையல் ஒன்றுதான். மகனும் மருமகளும் சென்னைக் கம்பெனிகளுக்கு வீட்டிலிருந்தே வேலை பார்க்கிறார்கள். நல்ல சம்பளம், குறை சொல்ல முடியாது. ஆனால் அது போகிற வேகத்தைப் பார்த்தால் எனக்கு ராத்திரி தூக்கம் வரவில்லை.

தினம் ஒரு பார்சல் வருகிறது. கதவைத் திறப்பது நான். "அண்ணாச்சி, ஓடிபி சொல்லுங்க" என்று அந்தப் பையன் கேட்பான். நான் மாடியைப் பார்த்துச் சத்தம் போட வேண்டும். பிரித்துப் பார்த்தால் வெள்ளரிக்காய் சீவுகிற ஒரு சாமான். நம் வீட்டில் அரிவாள்மனை இல்லையா, கத்தி இல்லையா? பேரனுக்கு ஒரு விளக்கு வந்தது. போட்டால் கூரையில் நட்சத்திரம் தெரியுமாம். மொட்டைமாடிக்கு ஏறினால் நிஜ நட்சத்திரமே காசில்லாமல் தெரிகிறது. வீடு பெருக்க ஒரு மிஷின் வாங்கியிருக்கிறார்கள். அது தானாக ஓடிக் கட்டிலுக்கு அடியில் மாட்டிக்கொண்டு கத்தும். என் மனைவி குனிந்து தடவித் தடவி அதை வெளியே எடுத்துவிடுவாள்.

எல்லாம் தவணை. ஏசிக்குத் தவணை, ஃபோனுக்குத் தவணை. கேட்டால் "நோ காஸ்ட் இஎம்ஐ அப்பா, வட்டியே கிடையாது" என்கிறான். கணக்கு வாத்தியாரிடம் சொல்கிற பதிலா இது? வட்டியில்லாக் கடன் என்ற பேச்சே பொய் என்று ரிசர்வ் வங்கி 2013-லேயே வங்கிகளுக்குச் சுற்றறிக்கை அனுப்பியிருக்கிறது. அதையும் எடுத்துக் காட்டினேன். சிரித்துவிட்டு ஹெட்போனை மாட்டிக்கொண்டான்.

நான் வேலைக்குச் சேர்ந்த மாதத்திலிருந்து வரவு செலவு நோட்டு எழுதி வருகிறேன். ஒரு மாதம் விட்டதில்லை. மனைவி வகை, மகன் வகை, பொதுச் செலவு என்று பிரித்து எழுதுவேன். மாதக் கடைசியில் எல்லோரையும் உட்கார வைத்து வாசிப்பேன். அதிகப்படியாக ஏதாவது இருந்தால் சிவப்பு மையில் கோடு போட்டிருப்பேன். எனக்கென்று தனிச் செலவு ஒன்றும் கிடையாது. பேப்பர், ஸ்கூட்டருக்குப் பெட்ரோல், சாயங்காலம் சிநேகிதர்களோடு குடிக்கிற காபி எல்லாம் பொதுச் செலவிலேயே அடங்கிவிடும். முன்பெல்லாம் மகன் ஒழுங்காக வந்து உட்காருவான். இப்போது அந்த நேரம் பார்த்து மீட்டிங் என்கிறான். மருமகள் வந்து உட்காருகிறாள், ஆனால் பார்வை ஃபோனில் இருக்கிறது.

நான் தினமும் உழவர் சந்தைக்கு நடந்து போய் நாலு கடை விசாரித்துக் காய்கறி வாங்குகிறேன். ஃப்ரிட்ஜில் ஒரு தூக்குவாளி நிறைய மாவு இருக்கும்போதே ஃபோனில் தோசை வரவழைக்கிறார்கள். தோசைக்கு ஒரு விலை, அதைக் கொண்டுவர ஒரு விலை, டப்பாவுக்கு ஒரு விலை. பேரன் பிறந்தநாளுக்குப் பலூன் ஜோடனைக்கென்றே தனியாக ஆள் வந்தான். எங்கள் காலத்தில் பிறந்தநாள் என்றால் நெல்லையப்பர் கோயிலில் ஓர் அர்ச்சனை, வீட்டில் பாயசம். அதோடு சரி.

இதற்கு நடுவில் என் மனைவிக்குக் கண்ணில் புரை என்று டாக்டர் சொல்லியிருக்கிறார். அதுவும் ஃப்ரிட்ஜ் கதவில் சொட்டு மருந்தைப் பார்த்து, இது யாருக்கு என்று நான் கேட்ட பிறகுதான் எனக்குத் தெரியும். அம்பாசமுத்திரத்தில் தங்கச்சி வீட்டுக்குப் போகிறேன் என்று என்னிடம் சொல்லிவிட்டு மருமகளோடு ஆஸ்பத்திரிக்குப் போயிருக்கிறாள். பணமும் மருமகள்தான் கட்டியிருக்கிறாள். "மாமாட்ட சொல்ல வேண்டாம்னு அத்தைதான் சொன்னாங்க" என்றாள். இருக்கட்டும். நான் சொல்ல வந்தது பார்சல் விஷயம்.

பெண்களுக்கு இந்த ஒளிக்கிற புத்தி எப்போதுமே உண்டு. 2016-ல் ஐநூறு, ஆயிரம் நோட்டு செல்லாது என்றபோது அரிசி டப்பாவுக்குள்ளிருந்து என் மனைவி ஒரு கட்டு எடுத்து வந்தாள். எத்தனை வருஷத்துச் சிறுவாடோ! நான்தான் வரிசையில் நின்று வங்கியில் போட்டேன். நோட்டு எழுதுகிற என் வீட்டிலேயே, நோட்டுக்கு வராத பணம்!

சரி, கேள்விக்கு வருகிறேன். மறுபடியும் ஒரு பார்சல் வந்து வாசலில் கிடக்கிறது. நான் சொல்வதில் என்ன தப்பு? இவர்களுக்குச் சிக்கனத்தைப் புரியவைக்க என்ன வழி? இரண்டு பேர் சம்பளத்தையும் என் கையில் கொடுங்கள், நான் நிர்வாகம் செய்கிறேன் என்று கேட்கலாமா?

இப்படிக்கு,
பெயர் வேண்டாம், பாளையங்கோட்டை

---

அன்புள்ள அண்ணாச்சி,

நானும் இந்தப் பக்கத்துக்காரிதான். சார் என்று எழுதினால் ஒட்டாது, அதனால் அண்ணாச்சி என்றே கூப்பிடுகிறேன்.

முதலில் உங்கள் கடைசிக் கேள்வி. சம்பளத்தைக் கையில் கொடு என்று கேட்காதீர்கள். பேச்சுவாக்கில்கூட வேண்டாம். மற்றபடி, வெள்ளரிக்காய் சீவியைப் பற்றியும் பலூனைப் பற்றியும் நான் ஒன்றும் சொல்லப்போவதில்லை. உங்கள் கடிதத்தை இரண்டாவது தடவை படித்தபோது ஃப்ரிட்ஜ் கதவில் இருந்த சொட்டு மருந்தைத் தாண்டி என்னால் போக முடியவில்லை. நீங்கள் "இருக்கட்டும்" என்று ஒரே எட்டில் தாண்டிப் போயிருக்கிறீர்கள். எனக்கு அது அவ்வளவு லேசாகப் படவில்லை. உங்களுக்கும்தான் படவில்லை, இல்லாவிட்டால் பார்சலைப் பற்றிய கடிதத்தில் அது எதற்கு வந்தது?

ஒரு மனைவி புருஷனிடம் பொய் சொல்லிவிட்டுப் போய் என்ன செய்தார்? பட்டுப்புடவை எடுக்கவில்லை, நகைச் சீட்டுக் கட்டவில்லை. கண்ணைக் காட்டிவிட்டு வந்தார். இத்தனை வருஷம் உங்களுக்குச் சோறு போட்டவர், கண் தெரியவில்லை என்பதைச் சொல்ல உங்களை விட்டுவிட்டு மருமகளைத் தேடிப் போயிருக்கிறார். இதில் உங்களுக்கு வலிப்பது செலவு இல்லை, அண்ணாச்சி. ஏன் என்னிடம் சொல்லவில்லை என்பதுதான் வலி. அதை நேராகக் கேட்கப் பயந்துகொண்டு பார்சல் பையன் மேல் எரிந்து விழுகிறீர்கள்.

ஏன் சொல்லவில்லை? அதற்குப் பதிலையும் நீங்களே எழுதியிருக்கிறீர்கள். மாதக் கடைசியில் "மனைவி வகை: கண் ஆஸ்பத்திரி, இவ்வளவு" என்று மருமகளுக்கும் பேரனுக்கும் முன்னால் வாசிக்கப்படும். நீங்கள் அதற்குச் சிவப்புக் கோடு போட்டிருக்கமாட்டீர்கள், எனக்குத் தெரியும். பணம் தரமாட்டேன் என்றும் சொல்லியிருக்கமாட்டீர்கள். ஆனால் அவர் கேட்க வேண்டியிருந்திருக்கும். எந்த டாக்டர், எவ்வளவு, இன்னொரு இடத்தில் விசாரித்தாயா, அடுத்த மாதம் பார்க்கலாமா என்று நாலு கேள்வி வந்திருக்கும். காய்கறிக்கு நாலு கடை விசாரிக்கிற மனுஷர் கண்ணுக்கும் விசாரிக்கத்தான் செய்வார் என்று அவர் நினைத்திருப்பார். புரை ஒரே நாளில் வருவதில்லை. பல மாதமாக ஊசியில் நூல் கோக்க முடியாமல், பருப்பில் கல் தெரியாமல், மாலை நேரத்தில் படியைக் காலால் துழாவித்தான் இறங்கியிருப்பார். கட்டிலுக்கு அடியில் தடவித் தடவி மிஷினை எடுக்கிறாள் என்று எழுதினீர்களே, அங்கே மிஷினைத்தான் கவனித்திருக்கிறீர்கள்.

இன்னொன்று. உங்கள் நோட்டில் மனைவி வகை உண்டு, மகன் வகை உண்டு. உங்கள் வகை இல்லை. உங்கள் காபி பொதுச் செலவு, உங்கள் பெட்ரோல் பொதுச் செலவு. அவருடைய கண் மட்டும் மனைவி வகை. எனக்கென்று செலவே கிடையாது என்று பெருமையாகச் சொல்கிறீர்கள். கணக்கு வாத்தியார் நீங்கள். அந்தத் தலைப்புகளை இன்னொரு முறை பாருங்கள்.

அப்புறம் அந்த அரிசி டப்பா. 2016 நவம்பரில் அது உங்கள் வீட்டில் மட்டும் நடக்கவில்லை. கொல்லைப்புறத்துப் பானை, அஞ்சறைப் பெட்டி, சாமி படத்துக்குப் பின்பக்கம் என்று எத்தனையோ வீட்டுப் பெண்களின் சிறுவாடு ஒரே வாரத்தில் வெளியே வந்தது. பலருக்கு அது திரும்பக் கைக்கு வரவில்லை. வரிசையில் நின்று வங்கியில் போட்டேன் என்றீர்கள். யாருடைய கணக்கில் என்று எழுதவில்லை. உங்கள் கணக்கில் என்றால், புது நோட்டு வந்த பிறகு அந்தத் தொகையை அவர் கையில் எண்ணிக் கொடுத்தீர்களா? கொடுத்திருந்தால் நான் சொன்னதை மன்னித்துவிடுங்கள். கொடுக்கவில்லை என்றால், அதை ஒளிக்கிற புத்தி என்று சொல்ல உங்களுக்கு உரிமை இல்லை. கொசுறு கேட்டு வாங்கி, பஸ்ஸுக்குப் பதில் நடந்து, பால்காரரிடம் மிச்சம் பிடித்துச் சேர்த்த காசு அது. உங்கள் நோட்டைவிடப் பெரிய சிக்கனம் அந்த டப்பாவுக்குள் இருந்திருக்கிறது, கோடு போட ஆளில்லாமல்.

உங்கள் சிக்கனத்தை நான் குறைத்துப் பேசவில்லை. எண்பதுகளில் வாத்தியார் சம்பளம் என்ன என்று எனக்குத் தெரியும். இருபது தேதிக்கு மேல் கைமாற்று வாங்காமல் குடும்பம் ஓடாது. அந்தச் சம்பளத்தில் ஒரு வீட்டை எழுப்பி, பையனைப் படிக்க வைத்து, யாரிடமும் கை நீட்டாமல் ஓய்வு பெற்றீர்கள் என்றால் அதற்குப் பாதிக் காரணம் அந்த நோட்டு. ஆனால் அந்தப் பற்றாக்குறை போய்ப் பல வருஷமாகிறது. பணத்தைக் காக்க ஆரம்பித்த நோட்டு, இப்போது வீட்டில் உங்கள் இடத்தைக் காத்துக்கொண்டிருக்கிறது. மகன் மீட்டிங் என்று சொல்லி நழுவுவது உங்களுக்குச் சுடுவது அதனால்தான். வரவை அவர்கள் பார்த்துக்கொள்கிறார்கள், செலவும் ஃபோனிலேயே முடிந்துவிடுகிறது. நான் எதற்கு என்ற கேள்வி உங்களுக்குள் ஓடுகிறது. நியாயமான கேள்விதான். அதற்கு மற்றவர்கள் செலவைத் திருத்துவது பதிலாகாது.

மகன் விஷயத்தில் உங்கள் கணக்குச் சரி. அந்த 2013 சுற்றறிக்கையும் உண்மைதான். நோ காஸ்ட் என்றால், ரொக்கமாக வாங்கினால் கிடைக்கிற தள்ளுபடி போயிருக்கும். இல்லை என்றால் பிராசஸிங் கட்டணத்தில் வட்டி ஒளிந்திருக்கும். ஆனால் நட்சத்திர விளக்கால் ஒரு குடும்பம் மூழ்காது. மூழ்கடிப்பது வேறு. கிரெடிட் கார்டு பில்லை முழுசாகக் கட்டாமல் மினிமம் டியூ மட்டும் கட்டி வருகிறவர்கள் இருக்கிறார்கள். பல கார்டுகளில் பாக்கிக்கு மாதம் மூன்றரை சதவீதம்வரை வட்டி ஓடுகிறது. வருஷத்துக்கு நாற்பதைத் தாண்டிவிடும். பாக்கி நிற்கும்வரை புதிதாக வாங்குகிற சாமானுக்கும் வாங்கிய நாளிலிருந்தே வட்டி. உங்கள் மகன் முழுசாகக் கட்டுகிறானா? உங்களுக்குத் தெரியாது. பார்சல்களுக்குக் கணக்கு வைத்திருக்கிறீர்கள், கேட்க வேண்டிய இந்த ஒன்றைக் கேட்கவில்லை.

கேட்டாலும் இன்றைய நிலையில் அவன் நிஜத்தைச் சொல்லமாட்டான். கண்ணுக்கு மருந்து வாங்கியதையே ஒளிக்க வேண்டியிருக்கிற வீட்டில் கடனை எவன் சொல்வான்? என்னிடம் வருகிற பல குடும்பங்களில் கடன் கழுத்துவரை வந்த பிறகுதான் அப்பாவுக்குத் தெரிகிறது. அந்த அப்பாக்களில் நிறையப் பேர் ரொம்பக் கண்டிப்பானவர்கள், கணக்கில் புலிகள். வட்டி நெருக்கும்போது பிள்ளைகளுக்கு முதலில் தேவைப்படுகிற ஆள் நீங்கள்தான், அண்ணாச்சி. உங்களிடம் கடைசியில் வரும்படி நீங்களே ஏற்பாடு செய்து வைத்திருக்கிறீர்கள்.

மருமகளுக்கு நான் வக்காலத்து வாங்கவில்லை. மாவு இருக்கும்போது தோசை வரவழைப்பது எனக்கும் பிடிக்காது. ஆனால் உங்கள் மனைவியின் கண் மங்குவதை அந்த வீட்டில் முதலில் கவனித்தது, பார்வையை ஃபோனில் வைத்திருப்பதாக நீங்கள் சொல்கிற அந்தப் பெண்தான்.

இனி செய்ய வேண்டியது. உங்கள் ஓய்வூதியத்தில் 2022 ஜூலையிலிருந்து காப்பீட்டுக்கு மாதம் 497 ரூபாய் பிடித்தார்களே, நோட்டில் தவறாமல் எழுதியிருப்பீர்கள். அந்தத் திட்டத்தில் மனைவிக்கும் பங்கு உண்டு. கண்புரை அறுவைக்கும் ஒரு வரம்புக்குள் கொடுக்கிறார்கள். உங்கள் அட்டையை எடுத்துக்கொண்டு போய், பட்டியலில் உள்ள ஆஸ்பத்திரி எது என்று கேட்டுவிட்டு வாருங்கள். கேள்வி கேட்கிற உங்கள் புத்தி நாலு பேருக்கு உதவுகிற இடம் அது. அறுவைக்கு நீங்களே கூடப் போங்கள். லென்ஸில் பல விலை சொல்வார்கள்; அங்கே மட்டும் பேரம் வேண்டாம், எது நல்லது என்று டாக்டரைக் கேளுங்கள். மருமகள் கட்டிய பணத்தை இந்த மாதமே திருப்பிக் கொடுத்துவிடுங்கள். குடும்ப ஓய்வூதியம் என்று ஒன்று உண்டு, உங்களுக்குப் பிறகு அதை எங்கே போய் எப்படிக் கேட்பது என்பது உங்கள் மனைவிக்குத் தெரியுமா? தெரியாது என்றுதான் நினைக்கிறேன். உட்கார்ந்து சொல்லிக் கொடுங்கள். கணக்கு வாசிப்பதாக இருந்தால் இனி அது ஒன்றை மட்டும் வாசியுங்கள்.

மகனோடு ஒரு நாள் வ.உ.சி. மைதானத்தில் நடக்கப் போங்கள். நோட்டை எடுத்துப் போக வேண்டாம், சுற்றறிக்கையும் வேண்டாம். கார்டு பில் முழுசாகக் கட்டுகிறாயா தம்பி, ஏதாவது நெருக்கடி என்றால் என்னிடம் பணம் இருக்கிறது என்று மட்டும் கேளுங்கள். என்ன சொல்கிறான் என்பதை எனக்கு எழுதுங்கள். வட்டி ஓடுகிறது என்றால் எந்தக் கடனை முதலில் அடைப்பது என்று நாம் உட்கார்ந்து பார்க்கலாம். ஒன்றும் இல்லை என்றால், அந்தப் பெருக்குகிற மிஷினை அதுவே கட்டிலுக்கு அடியிலிருந்து வெளியே வரும்படி வைக்க முடியுமா என்று பேரனிடம் கேட்டுப் பாருங்கள், அவனுக்குத் தெரிந்திருக்கும்.